கோவைக் கோர்ட்டிலிருந்து டெல்லிக்குப் போன சி.எஸ்.

நம் வயதுக்காரர்களுக்கு "சி.எஸ்." என்றாலே போதும், யாரென்று தெரிந்துவிடும். இன்றைய பிள்ளைகளுக்கு சி.சுப்பிரமணியம் என்று முழுப்பெயர் சொன்னாலும் விளங்குவதில்லை. அவர்களுக்காகவும் இதை எழுதி வைக்கிறேன்.

1910 ஜனவரி 30இல் பொள்ளாச்சிப் பக்கம் செங்குட்டைப்பாளையத்தில், விவசாயக் குடும்பத்தில் பிறந்தவர். திருப்பராய்த்துறை தபோவனத்தை நிறுவிய சித்பவானந்தர் இவருக்கு உறவுமுறையில் சிற்றப்பா. சென்னையில் பி.எஸ்ஸி.யும் சட்டமும் படித்துவிட்டுக் கோவைக்கு வந்து வக்கீல் தொழில் ஆரம்பித்தார். சுதந்திரப் போராட்டம் அவரைக் கோர்ட்டோடு இருக்க விடவில்லை. 1942இல் சிறைக்குப் போனார். பிறகு அரசியல் நிர்ணய சபையில் உறுப்பினரானார்.

1952இல் ராஜாஜி மந்திரிசபையில் நிதியமைச்சர். ராஜாஜி மேலவை உறுப்பினர் என்பதால், சட்டசபையில் எதிர்க்கட்சிகளின் கேள்விகளுக்கு நின்று பதில் சொல்லும் வேலை பெரும்பாலும் இவருக்கு. கோர்ட்டில் பழகிய வாதத் திறமை அங்கே கைகொடுத்தது.

1954இல் ராஜாஜி விலகியதும், கட்சித் தலைவர் பதவிக்குக் காமராஜரை எதிர்த்து இவர் நின்றார். காமராஜருக்கு 93 ஓட்டு, இவருக்கு 41. தோற்றவரை ஒதுக்கி வைப்பதுதான் அரசியலில் வழக்கம். காமராஜரோ அவரைக் கூப்பிட்டுத் தம் மந்திரிசபையில் சேர்த்துக்கொண்டார். நிதியும் கல்வியும் இவர் பார்த்த இலாகாக்கள். மதிய உணவுத் திட்டம் வளர்ந்தது அந்தக் காலத்தில்தான். 1956இல் தமிழை ஆட்சிமொழியாக்கும் சட்டத்தைச் சபையில் கொண்டுவந்தவரும் இவரே.

1962இல் பொள்ளாச்சியிலிருந்து நாடாளுமன்றத்துக்குப் போனார். 1964இல் சாஸ்திரி இவரிடம் உணவு, விவசாய இலாகாவைக் கொடுத்தார். யாரும் விரும்பி ஏற்காத இலாகா அது. அமெரிக்கக் கப்பல் வந்தால்தான் ரேஷன் என்ற நிலைமை.

அந்த நாட்களில் நான் சிங்காநல்லூரில் பள்ளிக்கூடப் பையன். பையைத் தூக்கிக்கொண்டு ரேஷன் கடை வரிசையில் நிற்பது என் வேலை. அரிசி குறைவு, மீதிக்குக் கோதுமை. "இதைய வெச்சு என்னத்தப் பண்றது?" என்று அம்மா அலுத்துக்கொள்வார். அந்தக் கோதுமைக்குப் பின்னால் நம் ஊர் வக்கீல் ஒருவர் டெல்லியில் படும் பாடு அப்போது எங்களுக்கு எங்கே தெரியும்?

1965 பிப்ரவரியில் இந்திப் பிரச்சினையில் தமிழ்நாடு பற்றி எரிந்தபோது, இவரும் ஓ.வி.அளகேசனும் ராஜினாமாக் கடிதம் கொடுத்தார்கள். சாஸ்திரி வானொலியில் உறுதிமொழி தந்த பிறகு அது திரும்பப் பெறப்பட்டது.

அடுத்த வருஷம் மெக்சிகோவிலிருந்து 18,000 டன் கோதுமை விதை இறக்குமதி செய்தார். புது விதையும் உரமும் பணக்கார விவசாயிக்குத்தான் உதவும் என்று எதிர்ப்பு கிளம்பியது. இவர் பின்வாங்கவில்லை. டெல்லியில் தம் பங்களாப் புல்வெளியை உழுது அந்தக் கோதுமையையே விதைத்துக் காட்டினார். எம்.எஸ்.சுவாமிநாதன் போன்ற விஞ்ஞானிகள் துணை நின்றார்கள். 1964-65இல் சுமார் 120 லட்சம் டன்னாக இருந்த கோதுமை விளைச்சல், 1967-68இல் 165 லட்சம் டன்னைத் தொட்டது.

ஆனால் அந்த அறுவடைக்கு முன்பே தேர்தல் வந்துவிட்டது. அரிசிப் பஞ்சமும் இந்தி எதிர்ப்பும் சேர்ந்துகொண்டன. ரூபாய்க்கு மூன்று படி அரிசி என்று தி.மு.க. சொன்னது. 1967இல் கோபிசெட்டிபாளையத்தில் பி.ஏ.சாமிநாதனிடம் சி.எஸ். தோற்றார். நாட்டின் சோற்றுக்கு வழி செய்துகொண்டிருந்தவரை, சோற்றுக் கவலையில் இருந்த சொந்த ஜனங்களே தோற்கடித்தார்கள். அவர்களையும் குறை சொல்ல முடியாது. பஞ்சாபில் விளையும் கோதுமை கோபியில் பசித்தவனுக்கு எப்படித் தெரியும்?

1971இல் கிருஷ்ணகிரியிலிருந்து மறுபடி நாடாளுமன்றம் போனார். மத்திய நிதியமைச்சர், மகாராஷ்டிர கவர்னர் என்று பல பதவிகள் பார்த்தார். 1998இல் பாரத ரத்னா கிடைத்தது. 2000 நவம்பர் 7இல் காலமானார்.

என் பேரன் இப்போது இரவில் சப்பாத்திதான் வேண்டும் என்கிறான். ரேஷன் கோதுமையைக் கண்டு முகம் சுளித்த வீடுகள் எத்தனை இருந்தன என்று அவனுக்குச் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.