சித்தர் நெறி: கொல்லிமலை, கஞ்சமலை வட்டாரம்

சித்தர் நெறி என்பது உடம்பையே கருவியாக்கி மூப்பையும் சாவையும் வெல்லலாம் என்று நம்பிய தமிழ் மறைஞான மரபு. யோகம், மருத்துவம், ரசவாதம், பாட்டு நான்கும் அதில் பின்னிக் கிடக்கின்றன. சேலம், நாமக்கல் சமவெளியில் இந்த மரபுக்கு இரண்டு மலைகள் உண்டு. புதுச்சத்திரத்தில் நெடுஞ்சாலையோரம் நின்று கிழக்கே பார்த்தால் வானத்தை அடைத்துக்கொண்டு கிடப்பது கொல்லிமலை. வடக்கே, சேலத்துக்கு மேற்கில் இளம்பிள்ளை அருகே இருப்பது கஞ்சமலை.

கொல்லிமலையின் மாயம் சித்தர்களுக்கும் முந்தியது. கடையெழு வள்ளல்களில் ஒருவனான வல்வில் ஓரியின் மலை என்றும், தெய்வம் செய்து வைத்த அழகிய பாவை நிற்கும் மலை என்றும் சங்கப் பாடல்கள் இதைப் பேசுகின்றன. கொல்லிப்பாவை சிரித்தே கொல்வாள் என்பது பிற்காலத்துக் கதை. ஆளை மயக்கும் மலை என்ற பெயர் முன்பே இருந்ததால், சித்தர்களுக்கு இடம் தேடியவர்கள் வேறெங்கும் போக வேண்டியிருக்கவில்லை.

நெறியின் தலைநூல் திருமூலரின் திருமந்திரம். ஒன்பது தந்திரங்களில் மூவாயிரத்துக்கும் மேற்பட்ட பாடல்கள். சைவத் திருமுறைகளில் பத்தாவது. காலம் 5ஆம் நூற்றாண்டு என்பாரும் உண்டு, 12 வரை இறக்குவாரும் உண்டு. சாத்தனூரில் இறந்து கிடந்த மூலன் என்ற இடையனின் உடலுக்குள் ஒரு யோகி புகுந்தார், ஆண்டுக்கு ஒரு பாட்டாக மூவாயிரம் ஆண்டு பாடினார் என்பது கதை. உடம்பைப் பேணுவது உயிரைப் பேணுவது என்ற அவருடைய கொள்கைதான் பின்வந்த அத்தனை சித்தர்களுக்கும் முதல். தம் வழி வந்த ஏழு பேரைச் சொல்லும் இடத்தில் அவர் காலாங்கி, கஞ்சமலையன் என்ற பெயர்களையும் சொல்கிறார். இந்த வட்டாரத்துச் சித்தர் மரபுக்குக் கிடைத்த மிகப் பழைய சான்று கஞ்சமலையன் என்ற அந்த ஒரு பெயர்தான்.

அதைச் சுற்றி ஊர் ஒரு கதை வளர்த்தது. குருவும் சீடனும் கஞ்சமலையில் மூலிகை தேடினார்கள். சோறு பொங்கி வழியவே, சீடன் பக்கத்தில் கிடந்த குச்சியை எடுத்துக் கிளறினான். சோறு கறுத்துப்போனது. குருவுக்குப் பயந்து அவனே அதைத் தின்றுவிட்டான். திரும்பி வந்த குரு கண்டது, கிழவனாக இருந்த சீடன் வாலிபனாகி நின்றதை. அவர்கள் தேடிவந்த மூலிகையான கருநெல்லியே அந்தக் குச்சி! கடும் தவத்தை விடச் சோற்றுப்பானையில் அகப்பை இல்லாமல் போனதே பலன் தந்தது என்னும் இந்தக் கதையில், தத்துவ நூல்களில் கிடைக்காத ஒரு குறும்பு இருக்கிறது.

பதினெண் சித்தர் என்ற கணக்கு பிற்காலத்தது. பட்டியலுக்குப் பட்டியல் பெயர் மாறும். அகத்தியர், போகர், கோரக்கர், கொங்கணர், சட்டைமுனி, இராமதேவர் ஆகியோர் பெரும்பாலும் வருவார்கள். இவர்களில் இராமதேவர் மக்காவுக்குப் போய் யாக்கோபு ஆனவராம். கோரக்கர் வடநாட்டு நாத மரபின் கோரக்நாதரை நினைவூட்டுகிறார். போகருக்குச் சீனத் தொடர்பு சொல்லப்படுகிறது. அவர் பெயரிலுள்ள நூலில் வானத்தில் பறந்த பயணமும் உண்டு. இந்தப் பெயர்களில் வழங்கும் நூல்களின் மொழிநடை பெரும்பாலும் 14ஆம் நூற்றாண்டுக்குப் பிந்தியது. சங்க கால அகத்தியர் எழுதினார் என்று இன்றும் அச்சிடுவது பக்தியாகலாம், வரலாறு ஆகாது.

இப்பாடல்களின் மொழிக்குப் பரிபாஷை என்று பெயர். சொல் ஒன்று, பொருள் வேறு. குதம்பைச் சித்தர் மலைமேல் இருப்பவர் அருந்தும் மாங்காய்ப்பாலைப் பாடுகிறார். உரைகாரர்கள் சொல்லும் பொருளில் மலை என்பது தலையின் உச்சி. மாங்காய்ப்பால் என்பது வாசியை, அதாவது மூச்சை அடக்கி மேலேற்றும்போது அங்கே சுரக்கும் அமுதம். பாம்பாட்டிச் சித்தர் ஆடச் சொல்லும் பாம்பு குண்டலினி. ஆக, சித்தர் ஏறச் சொன்ன மலை உடம்புக்குள் இருந்தது. சமவெளி மக்கள் அதைக் கண்ணெதிரே இருந்த மலையில் கொண்டுபோய் வைத்தார்கள். கொல்லிமலையில் ஆகாய கங்கை அருவிப் பக்கம் கோரக்கர் குகை, காலாங்கி குகை என்று காட்டப்படுபவை அப்படி வந்தவை. இரவில் ஒளிரும் ஜோதிப்புல்லும் அங்கே உண்டு என்பார்கள். அறுத்துச் சமைத்த மீன் மீண்டும் உயிர்பெற்றுத் துள்ளியது என்பது அங்குள்ள அறப்பளீசுவரர் கோயிலின் தலக்கதை. சாவை வெல்லும் ஆசை அதிலும் இருக்கிறது.

சாதி, சடங்கு, கல்லை வணங்குதல் மூன்றையும் சிவவாக்கியர் கடுமையாகச் சாடினார். திருமந்திரத்தைத் திருமுறையில் சேர்த்த சைவம் இவரைச் சேர்க்கவில்லை. 20ஆம் நூற்றாண்டில் பாரதி தன்னையும் ஒரு சித்தன் என்று பாடிய பிறகு இந்தக் கலகக் குரலுக்குப் புது மதிப்பு வந்தது. 1973இல் செக் அறிஞர் கமில் சுவலபில் சித்தர்களைப் பற்றித் தனிநூல் எழுதினார். மருத்துவப் பகுதி அரசு வழியில் போனது: 1923இல் நாட்டு மருத்துவ முறைகளை ஆராய்ந்த உஸ்மான் குழுவின் அறிக்கை, 1964இல் பாளையங்கோட்டை சித்த மருத்துவக் கல்லூரி, 2005இல் தாம்பரம் சானடோரியத்தில் தேசிய சித்த மருத்துவ நிறுவனம்.

இன்று புதுச்சத்திரத்துப் பக்கத்திலிருந்து கொல்லிமலைக்குப் போகிறவர்கள் காளப்பநாயக்கன்பட்டி, காரவள்ளி வழியாக 70 கொண்டை ஊசி வளைவுகள் ஏறுகிறார்கள். கஞ்சமலை அடிவாரத்துச் சித்தர் கோயிலில் அமாவாசைதோறும் கூட்டம் நெரிகிறது. தோல் நோய் தீர உப்பும் மிளகும் போட்டு வேண்டிக்கொள்கிறார்கள். கருவறையில் மூலவர், சித்தரின் கற்சிலை.