நான்காம் உறுப்பு: ஜொகூர் மாநிலத்தில் மருத்துவத் துணைப் பணியாளர் கற்ற வரலாறு

திருவள்ளுவர் ‘மருந்து’ என்னும் அதிகாரத்தை முடிக்குங்கால் மருத்துவத்தை நான்கு உறுப்புகளாகப் பகுத்துக் காட்டுகின்றார். நோயுற்றவன், நோயைத் தீர்ப்பவன், மருந்து, அம்மருந்தை அருகிருந்து கொடுப்பவன் என்பன அந்நான்கு. முதல் மூன்றையும் உலகம் நன்கறியும். நோயாளியைப் பற்றிப் புள்ளிவிவரம் உண்டு. மருத்துவரைப் பற்றி வாழ்க்கை வரலாறு உண்டு. மருந்தைப் பற்றி நூல்கள் உண்டு. நான்காமவனைப் பற்றி எழுதப்பட்டது மிகக் குறைவு. அவன் யாரிடம் கற்றான், எவ்வாறு கற்றான், கற்றதை மேன்மேலும் வளர்த்துக்கொள்ள அவனுக்கு யார் துணை நின்றார்கள் என்னும் வினாக்களுக்கு விடை தேடின், மலேசியத் தமிழர் வரலாற்றில் மறைந்து கிடக்கும் ஒரு பகுதி வெளிப்படும். ஜொகூர் மாநிலம் அத்தேடலுக்கு ஏற்ற களமாகும்.

இருப்புப் பாதையும் பால்மரமும்

மிளகும் காம்பீரும் பயிரிட்ட சீனர் குடியேற்றங்களால் பெயர்பெற்றிருந்த ஜொகூர், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ரப்பர் நாடாக மாறியது. கெமாஸிலிருந்து ஜொகூர் பாருவரை இருப்புப் பாதை 1909ஆம் ஆண்டில் திறக்கப்பட்டதும், சிகாமட், லாபிஸ், குளுவாங், கூலாய் ஆகிய ஊர்களைச் சுற்றியிருந்த காடுகள் தோட்டங்களாயின. சிங்கப்பூருடன் இணைக்கும் கடற்பாலம் 1924இல் முறையாகத் திறக்கப்பட்டது. ஒப்பந்தக் கூலிமுறை 1910இல் ஒழிக்கப்பட்ட பின்னர், கங்காணிமார் தமிழகத்துச் சிற்றூர்களிலிருந்து ஆட்களைத் திரட்டி வந்தனர். கூலியாட்கள் கப்பல் வழியாகச் செல்வது 1938இல் இந்திய அரசால் தடுக்கப்படும்வரை அவ்வரவு நீடித்தது.

வந்தவர்களை முதலில் எதிர்கொண்டது காய்ச்சல். கூட்டு மலாய் மாநிலங்களின் தோட்டங்களில் 1911ஆம் ஆண்டில் ஆயிரம் தொழிலாளருக்கு 60க்கு மேற்பட்டோர் மாண்டனர் என்பது அரசாங்கக் கணக்கு. ஜொகூர் அக்கூட்டில் சேராத மாநிலம். எனினும் காடு வெட்டித் தோட்டம் போட்ட இடங்களில் எல்லாம் நிலைமை ஒன்றேயாக இருந்தது. தோட்டம்தோறும் மருத்துவமனை அமைக்க வேண்டும் என்று தொழிற்சட்டங்கள் வற்புறுத்தத் தொடங்கின. கட்டடம் எழுப்புவது எளிது, கட்டிலும் வாங்கிவிடலாம். அதற்குள் நின்று பணியாற்றும் ஆள் எங்கே?

கொசுவைக் கற்றல்

மலேரியாவைப் பரப்புவது கொசு என்பதை 1897ஆம் ஆண்டு செகந்திராபாத்தில் ரொனால்டு ராஸ் கண்டறிந்தார். நான்கு ஆண்டுகளுக்குள், 1901இல், கிள்ளான் வட்டாரத்து மருத்துவராக வந்த மால்கம் வாட்சன் சதுப்பு நிலங்களை வடித்துக் காய்ச்சலைக் குறைத்துக் காட்டினார். பின்னர் அவர் அரசுப் பணியினின்று விலகித் தோட்டங்களின் மருத்துவராகவே பணிபுரிந்தார். ஆங்குதான் ஓர் அரிய உண்மை புலனாயிற்று.

கடலோரச் சமநிலத்தில் காய்ச்சலைப் பரப்பியது நிழலை நாடும் கொசு. காட்டை வெட்டி வெயில் படச் செய்தால் அது குறைந்தது. மேடுபள்ளமான உள்நாட்டு நிலத்திலோ வெயில் படும் தெளிந்த ஓடையில் முட்டையிடும் வேறொரு கொசு இருந்தது. அங்குக் காட்டை வெட்டி வெயில் படச் செய்தபோது காய்ச்சல் பெருகியது! ஓரிடத்தில் உயிர் காத்த செயல் மற்றோரிடத்தில் உயிர் குடித்தது. ஆதலின், எந்த ஓடையில் எந்தக் கொசு என்று அறிந்தே வடிகாலா, மண்ணுக்கடியில் குழாயா, எண்ணெய்த் தெளிப்பா என்று முடிவு செய்ய வேண்டியிருந்தது.

இவ்வறிவு கோலாலம்பூரில் 1900ஆம் ஆண்டில் நிறுவப்பட்ட மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் ஏட்டில் மட்டும் இருந்தாற் போதாது. வாரந்தோறும் ஓடைக்கரையில் எண்ணெய் தெளிப்பிப்பவனுக்கும், குழந்தைகளின் வயிற்றைத் தடவி மண்ணீரல் வீக்கத்தைக் கணக்கெடுப்பவனுக்கும், கசப்புக்கு அஞ்சிக் கொய்னாவைத் துப்பிவிடும் தொழிலாளியின் முன் நின்று அதை விழுங்கச் செய்பவனுக்கும் அது தெரிந்திருக்க வேண்டும். அவனே தோட்டத்து டிரஸர்.

டிரஸரின் பள்ளிக்கூடம்

டிரஸர் என்னும் சொல் புண்ணுக்குக் கட்டுப் போடுபவர் என்னும் பொருளுடையது. தோட்டத்தில் அவர் செய்த வேலையோ அச்சொல்லுக்குள் அடங்காது. விடியற்காலைப் பிரட்டில் வேலைக்கு வர இயலாதவரைப் பார்ப்பது, ஆயாக் கொட்டகையில் பிள்ளைகளுக்குக் கொடுக்கும் பாலைச் சோதிப்பது, அம்மை குத்துவது, பிறப்பு இறப்பைப் பதிவது, லயத்துக் கால்வாயைப் பார்வையிடுவது, நள்ளிரவில் பிள்ளைப்பேற்றுக்கு ஓடுவது என அனைத்தும் அவர் தலையில் விழுந்தன. தோட்டத்துக்கு உரிய மருத்துவர் பல தோட்டங்களைச் சுற்றி வருபவர்; குறித்த நாளில் வந்து பார்த்துச் செல்வார். ஏனைய நாட்களில் டிரஸரே மருத்துவர்.

இப்பொறுப்புக்கு அவர் பெற்ற பயிற்சி யாது? சிலர் அரசு மருத்துவமனைகளில் பணியாற்றிக் கற்றவர்கள். சிலர் மூத்த டிரஸரிடம் எடுபிடியாகச் சேர்ந்து, மருந்துக் குப்பி கழுவி, கட்டுத்துணி சுருட்டி, படிப்படியாக ஊசி பிடித்தவர்கள். சிங்கப்பூரில் 1905ஆம் ஆண்டில் 23 மாணவருடன் தொடங்கிய அரசாங்க மருத்துவப் பள்ளி, மருத்துவமனை உதவியாளருக்கும் வகுப்பு நடத்தியது. அங்குப் பயின்று வெளிவந்தோர் தொகை சிறிது, தோட்டங்களோ பல.

எனவே, மருத்துவர் வந்து செல்லும் அந்நாளே டிரஸருக்குப் பள்ளிக்கூடம் ஆயிற்று. நல்ல மருத்துவர் வாய்த்த தோட்டத்தில் அந்நாள் பாடம் கேட்கும் நாளாக அமைந்தது. அவர் நோயாளர் பதிவேட்டைப் புரட்டி, ‘இவருக்கு ஏன் இம்மருந்து?’ என்று வினவுவார். டிரஸர் விடை கூறுவார். தவறெனின் கட்டிலருகே அழைத்துச் சென்று நாடியையும் நாவையும் கண்ணையும் காட்டி விளக்குவார். அடுத்த வருகையில் அதே வினா மீண்டும் எழும். ஆசிரியன் கூறக் கேட்டு, கேட்டதை உள்ளத்தில் அமைத்து, அமைத்ததை மீண்டும் உரைத்துத் தெளிதல் என்னும் நம் பழைய பாடமுறைக்கும் இதற்கும் வேறுபாடு அதிகமில்லை. மருத்துவர் பதிவேட்டில் கையொப்பம் மட்டும் இட்டுச் சென்ற தோட்டத்திலோ, டிரஸர் முதலாண்டில் கற்றதையே முப்பதாம் ஆண்டிலும் செய்துகொண்டிருந்தார். ஒரே சட்டம், ஒரே மருந்து, ஒரே கட்டடம்; கற்பிப்பார் இருந்தமையும் இல்லாமையுமே வேற்றுமை.

பார்த்ததைக் குறித்து வைக்கும் பழக்கம் எத்துணைப் பயன் தரும் என்பதற்கு ஜொகூரை அடுத்த நெகிரி செம்பிலானில் ஒரு சான்று உண்டு. பெரிபெரி என்னும் நோய் சீனத் தொழிலாளரைப் பெருமளவில் கொன்றபோது, தமிழரை அது அரிதாகவே தீண்டியது. காரணத்தை ஆராய்ந்த லெனர்டு பிராடன் என்னும் மருத்துவர், தமிழர் உண்பது புழுங்கலரிசி என்பதைச் சுட்டிக் காட்டினார். தீட்டிய பச்சரிசியில் அழிந்துபோகும் சத்து, நெல்லைப் புழுக்குவதால் அரிசியில் தங்கிவிடுகிறது என்பது பின்னர் தெளிவாயிற்று. தமிழ்க் குடும்பத்து அடுப்படியில் இருந்த அவ்வுண்மையை, அவ்வடுப்படியை அறிந்த துணைப் பணியாளர் பலர் நாள்தோறும் கண்டிருப்பர். கண்டதைக் கேள்வியாக மாற்ற அவர்களுக்கு எவரும் கற்றுத்தரவில்லை.

மானிப்பாய் காட்டிய வழி

மொழியும் ஒரு தடையாக நின்றது. மருத்துவர் பெரும்பாலும் ஆங்கிலேயர், நோயாளி தமிழர், இடையில் நின்றவர் டிரஸர். தோட்ட அலுவலகங்களிலும் மருத்துவமனைகளிலும் பணிபுரிந்தோரில் யாழ்ப்பாணத் தமிழரும் மலையாளிகளும் மிகுதி. வயிற்றுவலி, குடைச்சல், எரிச்சல், மாரடைப்பு என்று நோயாளி கூறும் சொற்களை மருத்துவருக்கு ஆங்கிலத்தில் உணர்த்துவதும், மருத்துவர் கூறும் அறிவுரையைத் தமிழில் ஏற்கச் செய்வதும் அவர்கள் பணி. அப்பணிக்கென ஒரு பாடநூலும் தரப்படவில்லை.

தமிழில் மருத்துவம் கற்பித்தல் இயலாதது என்பதாலன்று அக்குறை. அமெரிக்க மருத்துவர் சாமுவேல் பிஸ்க் கிறீன் 1847ஆம் ஆண்டில் யாழ்ப்பாணம் வந்து, மறு ஆண்டே மாணவரைச் சேர்த்துக்கொண்டு மேனாட்டு மருத்துவம் கற்பித்தார். 1860களில் தமிழையே பாடமொழியாக்கி, மேனாட்டு மருத்துவ நூல்களைத் தமிழாக்கி அச்சிட்டார். அவரிடம் பயின்று வெளிவந்தோர் 60க்கு மேற்பட்டோர். மானிப்பாய் மருத்துவமனை இன்றும் அவர் பெயரைத் தாங்கி நிற்கின்றது. அம்மண்ணிலிருந்து மலாயாவுக்கு ஆட்கள் வந்தார்கள், அம்முயற்சி வரவில்லை. நோயாளியின் மொழியிலேயே பணியாளருக்குப் பாடம் நடத்தலாம் என்னும் எண்ணம் கடல் கடக்கவில்லை.

போர் வந்தது. 1942 முதல் 1945வரை கொய்னாவும் எண்ணெயும் அரிதாயின. கொசு ஒழிப்பு நின்றது. காய்ச்சல் மீண்டும் தலைதூக்கிற்று. ஜொகூர்த் தோட்டங்களிலிருந்தும் தொழிலாளர் சயாம் இருப்புப் பாதைக்குக் கொண்டுசெல்லப்பட்டு வாந்திபேதிக்கும் பசிக்கும் இரையாயினர். தோட்டத்தில் எஞ்சியோரை, மருத்துவர் வருகையும் மருந்து வரவும் அற்ற நிலையில், கற்ற சிறிதைக் கொண்டு காத்தவர்கள் துணைப் பணியாளர்களே.

பதிவேட்டில் ஏறிய பெயர்

விடுதலைக்குப் பின் வந்த மாற்றங்களுள் தலையாயது 1965ஆம் ஆண்டின் தோட்ட மருத்துவமனை உதவியாளர் பதிவுச் சட்டம். தோட்டத்து உதவியாளர் பெயர் பதிவேட்டில் இடம்பெற வேண்டும் என்று அது விதித்தது. இதனால் விளைந்த நன்மை இரண்டு. தகுதியில்லாதார் கையில் தொழிலாளர் உயிர் சிக்கும் இடர் குறைந்தது. அதுவரை துரையின் விருப்பத்தைச் சார்ந்திருந்த ஒரு வேலை, தகுதியைச் சார்ந்த தொழிலாக உயர்ந்தது. அரசு மருத்துவமனைகளில் பணிபுரிந்த உதவியாளருக்கு 1977ஆம் ஆண்டில் தனிச் சட்டம் வந்தது. இன்று அவர்கள் பட்டயக் கல்வி பெற்று, உதவி மருத்துவ அதிகாரி என்னும் பெயருடன் விளங்குகின்றனர்.

அதே காலத்தில் கிராமப்புறத்திலும் ஒரு கட்டமைப்பு எழுந்தது. 50,000 பேருக்கு ஒரு தலைமைச் சுகாதார நிலையம், 10,000 பேருக்கு ஒரு துணை நிலையம், 2,000 பேருக்கு ஒரு மருத்துவச்சி என்பது 1950களில் வகுக்கப்பட்ட திட்டம். தனித்து வாழ்ந்த மருத்துவச்சிக்கு மேலே ஒரு தாதி, தாதிக்கு மேலே ஒரு மருத்துவர் எனப் படிகள் அமைந்தன. ஐயம் எழுந்தால் கேட்க ஓர் ஆள் உண்டு என்னும் நிலை அதனால் உருவாயிற்று. 1970களில் மருத்துவச்சியருக்கு மேற்பயிற்சி அளித்துச் சமூகத் தாதியராக உயர்த்தினர். மலாய்க் கிராமத்துப் பாரம்பரிய மருத்துவச்சியரையும் பகைத்து ஒதுக்காமல் பயிற்சியளித்து உடன்சேர்த்துக்கொண்டனர். 1950இல் ஓரிலட்சம் பிள்ளைப்பேற்றுக்கு 500க்கு மேல் இருந்த தாய்மார் இறப்பு, 1990களில் 50க்கும் கீழே இறங்கியது. மலேசிய மருத்துவர் இந்திரா பத்மநாதனும் பிறரும் எழுதி உலக வங்கி 2003இல் வெளியிட்ட ஆய்வு, இவ்வெற்றிக்குப் பயிற்சி பெற்ற மருத்துவச்சியரையும் அவர்களை விடாது கண்காணித்துத் துணைநின்ற முறையையும் முதன்மைக் காரணங்களுள் வைத்து எண்ணுகின்றது.

பழி கூறாத பாடம்

அம்முறையின் உச்சம் 1991இல் தொடங்கிய தாய்மார் இறப்பு மறைவிசாரணை. பிள்ளைப்பேற்றில் ஒரு தாய் இறந்தால், யார் மீது பழி என்று தேடாமல், எங்கே காலம் தவறியது, எந்த அறிகுறி கவனிக்கப்படாமற் போயிற்று என்று ஆராய்ந்து, பெயர்களை நீக்கி, அதனையே பிறருக்குப் பாடமாக்குவது அதன் நெறி. தண்டனைக்கு அஞ்சுபவன் தவற்றை மறைப்பான். மறைத்த தவறு மற்றொருவர் உயிரைக் கொள்ளும். இவ்வுண்மையை உணர்ந்தமையால் அவ்விசாரணை பயன் தந்தது. பழைய தோட்டத்தில் நல்ல மருத்துவர் பதிவேட்டைப் புரட்டி டிரஸரிடம் வினவியதும், நாடு தழுவிய இவ்விசாரணையும் ஒரே வேரில் கிளைத்தவை.

இன்றைய கடன்

இன்று ஜொகூரின் முகம் மாறிவிட்டது. 1941இல் எழுந்த கட்டடத்தில் இயங்கும் சுல்தானா அமினா மருத்துவமனை, மருத்துவரும் தாதியரும் பயிலும் பெருங்களமாக உள்ளது. இஸ்கந்தர் புத்திரியில் இங்கிலாந்தின் நியூகாசல் பல்கலைக்கழகம் 2011இல் மருத்துவ வளாகம் திறந்தது. மருத்துவர் ஆண்டுதோறும் உரிமம் புதுப்பிக்கத் தொடர்ந்து கற்றதற்குச் சான்று காட்ட வேண்டும் என்னும் நெறி, 2012ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டத்தின்வழி, 2017இல் அது நடைமுறைக்கு வந்தபின் நிலைபெற்றது. தோட்டங்களிலோ தமிழர் குறைந்து, இந்தோனேசியரும் வங்காளதேசத்தாரும் பிறரும் வேலை செய்கின்றனர். நோயாளியின் மொழி பணியாளருக்குப் புரியாத பழைய சிக்கல் புதிய வடிவில் மீண்டும் நிற்கின்றது.

சான்றிதழ்ப் புள்ளிகள் பெருகலாம், கருத்தரங்குகள் மலியலாம். கட்டிலருகே நின்று, ‘ஏன் இம்மருந்து?’ என்று அன்போடு வினவும் மூத்தவர் இல்லாவிடில் அவை ஏட்டுச் சுரைக்காயாகவே முடியும். தமிழ் கற்பிக்கும் ஆசிரியர்க்கு இது புதிய செய்தியன்று. மாணவன் பிழையைச் சிவப்பு மையால் வட்டமிடுவதோடு நில்லாமல், அருகழைத்துத் திருத்தும் ஆசிரியரே மொழியை வளர்க்கின்றார். அவ்வாறே, தன்னை அடுத்து வருபவனுக்குக் கற்பிக்கும் பணியாளனே மருத்துவத்தை வளர்க்கின்றான்.

ஜொகூர்த் தோட்டங்களின் பழைய மருத்துவமனைகள் பல இன்று பாழடைந்து, கொடி படர்ந்து கிடக்கின்றன. அங்குப் பணியாற்றிய டிரஸர்களின் பெயர்கள் பெரும்பாலும் மறைந்தன. அவர்கள் எழுதிய பதிவேடுகள் செல்லரித்தன. அவற்றுள் எஞ்சியவற்றையேனும் தேடிக் காப்பதும், முதியோர் நினைவிலுள்ள செய்திகளைக் கேட்டு எழுதுவதும் மாணவர் மேற்கொள்ளத்தக்க பணிகள். நான்காம் உறுப்பின் வரலாறு எழுதப்படாதவரை, மலேசியத் தமிழரின் மருத்துவ வரலாறு குறையுடையதாகவே இருக்கும்.