கண்ணால் கண்டதும் காகிதத்தில் கண்டதும்



ஒருநாள் காலைச் சபைகூடலில் நடந்ததை எழுதுமாறு ஐந்தாம் ஆண்டு மாணவர்களைக் கேட்டேன். ஒரே நிகழ்ச்சி வரிசை மாறி, ஆள் மாறிப் பல கதைகளாக வந்தது. ஒரு மணி நேரத்திலேயே நினைவு பிறழுமாயின், பல ஆண்டுகள் கடந்த சாட்சியத்தை எவ்வாறு நம்புவது?

இக்கேள்விக்கான பாடம், பத்தாங் பெர்ஜுந்தாயைப் போலவே வட சிலாங்கூரில் உள்ள பத்தாங் காலியில் கிடைக்கிறது. அவசரகாலம் பிரகடனம் செய்யப்பட்ட 1948ஆம் ஆண்டின் டிசம்பரில், அங்குள்ள ரப்பர்த் தோட்டமொன்றில் சீனத் தொழிலாளர் 24 பேர் பிரிட்டிஷ் படையின் ஸ்காட்ஸ் கார்ட்ஸ் பிரிவினரால் சுட்டுக் கொல்லப்பட்டனர். ஒருவர் 11ஆம் நாள் மாலையிலும், எஞ்சிய 23 பேர் மறுநாளும் மாண்டனர். மயங்கி விழுந்த ஒருவர் உயிர் தப்பினார்.

அவர்கள் தப்பியோட முயன்றபோது சுடப்பட்டதாக அரசு அறிவித்தது. அப்போதைய விசாரணை படையினர் தரப்பைக் கேட்டது. கணவரையும் தந்தையரையும் இழந்த தோட்ட மக்களைக் கேட்கவில்லை. ஆயினும் அதுவே ஏட்டில் வரலாறாக நிலைத்தது.

அதே படையணியைச் சேர்ந்த சிலர், எவரும் தப்பியோடவில்லை, கட்டளைப்படியே சுட்டோம் என்று பிரிட்டிஷ் செய்தித்தாளொன்றுக்கு உறுதிமொழியுடன் அளித்த வாக்குமூலங்கள் 1970இல் வெளியாயின. உடனிருந்த சார்ஜண்டுகள் இருவரோ பழைய கூற்றிலேயே நின்றனர். லண்டன் காவல்துறை தொடங்கிய விசாரணை, மலேசியாவிற்கு வந்து சாட்சிகளைக் கேட்குமுன்பே கைவிடப்பட்டது. குடும்பத்தினர் தொடுத்த வழக்கைப் பிரிட்டனின் உச்ச நீதிமன்றம் 2015 நவம்பரில் தள்ளுபடி செய்தது. எனினும், குற்றமற்றவர்கள் கொல்லப்பட்டதையே கிடைத்துள்ள சான்றுகள் பெரிதும் காட்டுகின்றன என நீதிபதி கெர் தம் தீர்ப்பில் எழுதினார்.

நினைவு நேரத்தையும் எண்ணிக்கையையும் தவறவிடும் என்பது உண்மையே. ஆனால் ஆவணமும் யாரோ ஒருவர் சொல்லக் கேட்டு எழுதியதுதானே? யார் கேட்கப்பட்டார், யார் கேட்கப்படவில்லை என்று பார்ப்பதே வரலாற்று மாணவனின் முதற்கடமை. எதிரெதிர்ப் பக்கத்தில் நின்ற படைவீரனும் தோட்டத்துப் பெண்ணும், ஒருவரையொருவர் அறியாமலே ஒன்றைச் சொல்வார்களாயின், அச்சொல்லுக்குத் தனி வலிமை உண்டு.

2007இல் பெஸ்தாரி ஜெயா எனப் பெயர் மாறிய நம் வட்டாரத்திலும் தோட்டங்கள் பல மறைந்துவிட்டன. உங்கள் தாத்தா பாட்டி சொல்வதை, சொன்னவர் பெயரும் தேதியும் இட்டு இன்றே எழுதி வையுங்கள். ஒருவரோடு நிறுத்தாமல் இன்னொருவரையும் கேளுங்கள். இருவரும் முரண்பட்டால், எதையும் அழிக்காமல் இரண்டையும் எழுதுங்கள்.