காத்லீன் ட்ரூ அம்மையாரும் கடற்பயிரும்

விவாகம் செய்துகொண்டதற்காக ஓர் ஆசிரியர் வேலையினின்றும் நீக்கப்பட்டார் என்றால் வாசகர்கள் நம்பத் தயங்குவர். அவ்வாசிரியர் ஒரு பெண் என்று சொல்லிவிட்டாலோ, பலருக்கு அந்தத் தயக்கம் உடனே நீங்கிவிடும். 1928-ம் வருடத்தில் இங்கிலாந்து தேசத்து மான்செஸ்டர் சர்வகலாசாலையில் இது நடந்தது. நீக்கப்பட்டவர் தாவர நூல் ஆசிரியையாயிருந்த காத்லீன் ட்ரூ அம்மையார். அவர் மணந்துகொண்ட ஹென்றி ரைட் பேக்கர் என்பாரும் மான்செஸ்டரில் கல்வித் துறையில் இருந்தவரே. மணம் ஒன்றுதான், மணமகனுடைய வேலைக்கு அதனால் யாதொரு பழுதும் வரவில்லை. மணமான மாதரை ஆசிரியராக வைத்துக்கொள்வதில்லை என்ற விதி மணமகளை மட்டும் வெளியே அனுப்பிற்று.

இத்தனைக்கும், பெண் என்பதையோ மணமானவர் என்பதையோ காட்டி ஒருவரைத் தொழிலுக்குத் தகுதியற்றவராக்கலாகாதென்று அந்நாட்டுப் பார்லிமெண்டு 1919-லேயே சட்டம் செய்திருந்தது. சட்டம் ஏட்டில் இருந்தது. பழைய வழக்கம் அதிகார பீடத்தில் இருந்தது. நம்மவர்க்கு இது புதுமையன்று.

அம்மையார் 1901-ம் வருடம் லங்காஷயர் ஜில்லாவில் லீ என்னும் ஊரில் பிறந்தவர். 1922-ல் மான்செஸ்டரில் முதல் வகுப்பில் தேறி, அங்கேயே ஆசிரியையானார். இடையில் உதவிச் சம்பளம் பெற்று அமெரிக்காவில் கலிபோர்னியா சர்வகலாசாலையில் இரண்டாண்டுகள் ஆராய்ச்சி செய்தார். பாசிகளைத் திரட்டும் பொருட்டு ஹவாய்த் தீவுகளுக்கும் போய்வந்தார். வேலை போன பின்பும் அவர் ஆராய்ச்சியை விடவில்லை. ஊதியமில்லா ஆராய்ச்சியாளர் என்ற பெயரில் அதே சர்வகலாசாலையின் வாயிலுக்குள் நுழைந்தார். இரு குழந்தைகளையும் வளர்த்தார். 1939-ல் விஞ்ஞானப் பேரறிஞர் பட்டத்தை அவருக்கு அளித்ததும் அதே மான்செஸ்டர்தான்! பட்டம் கொடுக்கத் தகுதியாகத் தோன்றியவர் சம்பளம் கொடுக்க மட்டும் தகுதியற்றவரானார்.

“பாருங்கள், கூலி கருதாது உழைத்தாரே, இதுவன்றோ பெண்மையின் சிறப்பு” என்று இங்கே சிலர் கைதட்டக்கூடும். அவர்களோடு நாம் சேர மாட்டோம். ஊதியமின்றி உழைக்க முடிந்தது, வீட்டில் இன்னொருவர் ஊதியம் இருந்ததால். அது இல்லாத எத்தனை பெண்கள் அந்த விதியினால் ஆராய்ச்சியை அடியோடு துறந்து போயினர் என்பதை எந்தச் சரித்திரமும் எழுதி வைக்கவில்லை.

இனி அவருடைய ஆராய்ச்சிக்கு வருவோம். கடற்பாசி என்றதும் நம் நாட்டில் நினைவுக்கு வருவது நோன்புக் காலத்தில் காய்ச்சி உறையவைத்துத் துண்டு போடும் பண்டம். நாம் சொல்ல வருவது அதுவன்று. கடற்பாறைகளில் மெல்லிய தாள்போல் ஒட்டி வளரும் ஒருவகைச் செம்பாசி; போர்பைரா என்பது அதன் நூற்பெயர். வேல்ஸ் நாட்டுக் கடலோர மக்கள் அதனை நெடுநேரம் வேகவைத்து, ஓட்ஸ் மாவில் புரட்டிப் பொரித்துத் தின்பர். ஜப்பானியர் அதன் இனத்தைச் சேர்ந்த பாசியைத் தாளாக உலர்த்தி நோரி என்பர். சிங்கப்பூரிலும் கோலாலம்பூரிலும் சூஷிக் கடைகளில் சோற்றைச் சுற்றியிருக்கும் கரும்பச்சைத் தாள் இதுவே.

ஜப்பானியச் செம்படவர் முந்நூறு ஆண்டுகளாக இதைப் பயிர் செய்தனர். இலையுதிர் காலத்தில் ஆழமற்ற கடலில் மூங்கிற் கழிகளையும் கிளைகளையும் நட்டுவைப்பர். பாசி தானே வந்து பற்றினால் குளிர்காலத்தில் அறுவடை, பற்றாவிட்டால் பட்டினி. கோடையில் பாசி கண்ணுக்கே தெரியாமல் மறைந்துவிடும். விதை எங்கே போய்த் தங்குகிறது, எங்கிருந்து மீள்கிறது என்பதை ஒருவரும் அறிந்திலர். விதை இன்னதென்று அறியாத உழவனுக்கு வேளாண்மை சூதாட்டமன்றி வேறென்ன? உலகப் போருக்குப் பின் வந்த ஆண்டுகளில் விளைச்சல் குன்றி, கடலோரக் குடும்பங்கள் மிகவும் நலிந்தன.

ட்ரூ அம்மையார் ஜப்பானியர் துயர் தீர்க்கப் புறப்பட்டவரல்லர். வேல்ஸ் கடற்கரையில் விளையும் போர்பைராவின் வாழ்க்கை முழுவதையும் அறியவேண்டும் என்பதே அவர் நோக்கம். கண்ணாடித் தட்டில் அதன் நுண்வித்துக்களை முளைக்கவிட்டால் அவை நலிந்த இழைகளாய் நின்றுபோயின. அவற்றிற்குச் சிப்பி ஓடு கொடுத்துப் பார்த்தார். வித்துக்கள் ஓட்டினைத் துளைத்து உட்புகுந்து, இளஞ்சிவப்பு இழைகளாய்ப் படர்ந்து செழித்தன! அவ்விழைகளோ அறிஞர் உலகிற்குப் புதியனவல்ல. 1892 முதலே கான்கோசெலிஸ் என்ற பெயரில் தனியொரு பாசியாக நூல்களில் இடம்பெற்றிருந்தன. இரண்டென எண்ணப்பட்டவை ஒன்றே என அம்மையார் 1949-ல் 'நேச்சர்' பத்திரிகையில் ஒரு சிறு கட்டுரையால் அறிவித்தார்.

அக்கட்டுரையின் பொருள் கியூஷூ சர்வகலாசாலையில் இருந்த செகாவா என்னும் பாசிநூற் புலவருக்கு எட்டியது. அவர் ஜப்பானியப் பாசியை வைத்துச் சோதித்தார். அதுவும் சிப்பிக்குள்ளே புகுந்தது. கோடையெல்லாம் ஓட்டினுள் உறங்குவது போலிருந்த இழைகள், நீர் குளிர்ந்து பகல் குறுகியதும் புது வித்துக்களை வெளிவிடுவதை ஜப்பானிய ஆராய்ச்சியாளர் கண்டறிந்தனர். ஓத்தா முதலியோர் அதனைச் செம்படவர் கைக்கு ஏற்ற தொழிலாக்கினர். தொட்டிகளில் சிப்பி ஓடுகளை வைத்து அவற்றில் விதை வளர்த்து, வலைகளில் பற்றச்செய்து, வலைகளைக் கடலில் விரிக்கலாயினர். காத்துக் கிடந்த தொழில் விதைத்து அறுக்கும் தொழிலாயிற்று. ஆகவே புகழ் முழுவதையும் ஒருவர் தலையில் சூட்டுவது நேர்மையன்று. ஆயின் பூட்டைத் திறந்த சாவி மான்செஸ்டரிலிருந்து வந்தது.

1952-ல் பிரிட்டிஷ் பாசியியற் சங்கம் தோன்றியபோது அம்மையாரே அதன் முதல் தலைவரானார். 1957-ல், 55-ம் வயதில் காலமானார். ஜப்பானை அவர் ஒருநாளும் கண்டதில்லை.

1963-ம் வருடம் ஏப்ரல் 14-ந் தேதி, குமமோட்டோ மாகாணத்து ஊத்தோ நகரில், அரியாக்கே கடலை நோக்கி அவருக்கு ஒரு ஞாபகக்கல் நாட்டப்பட்டது. அம்மக்கள் அவரைக் 'கடலின் தாய்' என்று போற்றுகின்றனர். அறிஞர் என்று அழைத்தாலே நமக்கு இன்னும் உவப்பாயிருக்கும். பெண்ணொருத்தி பேருதவி செய்தால் அவளைத் தாயாக்கிவிடுவது எல்லா நாட்டிற்கும் பொதுவான பழக்கம் போலும். எனினும் அவர்கள் அன்பில் குறையில்லை. ஆண்டுதோறும் ஏப்ரல் 14-ந் தேதியில் அக்கல்லின் முன் கூடி, தாங்கள் முகம் பார்த்தறியாத அம்மையாருக்கு விழா எடுக்கின்றனர்.