கோட்டை காத்த மலைமகன்



கோட்டையைப் பிடித்தவனின் பெயரைக் கல்வெட்டில் பொறிப்பதும், கோட்டையைக் காத்தவனின் பெயரை மறந்துவிடுவதும் உலக வழக்கம். கால்பந்து விளையாட்டின் வரலாறும் இவ்வழக்கிற்கு விலக்கன்று. கோல் அடித்தவர் யார், எத்தனையாவது நிமிடத்தில் அடித்தார் என்பன எல்லாம் ஏட்டில் ஏறிவிடுகின்றன. அடிக்கப்படாமல் தடுக்கப்பட்ட கோல்களுக்கு எந்த ஏட்டிலும் கணக்கு இல்லை. காவல் நிற்பவனின் தொழில் அப்படிப்பட்டது. அவன் தவறினால் ஊர் அறியும். தவறாவிட்டால் எவரும் அறியார்.

அத்தகைய காவலர் ஒருவரைப் பற்றியே இன்று பேச விரும்புகின்றேன். அவர் நம்மைப் போல் மலையில் பிறந்தவர். சுதந்திர இந்தியா முதன்முதலாகக் கலந்துகொண்ட ஒலிம்பிக் போட்டியில் நம் தேசியக் கொடியை ஏந்திச் சென்றவர். அந்தக் கால்பந்து அணிக்குத் தலைவராகவும் இருந்தவர். அவர் பெயர் டாக்டர் தாலிமெரன் ஆவோ.

நான் வாழும் சவ்வாது மலையில் சாமை அறுவடை முடிந்த நிலங்களில் பிள்ளைகள் மாலை வேளைகளில் பந்து உதைப்பதை நீங்கள் காணலாம். பலருக்குக் காலணி இராது. அவர்களில் சிலர் பந்தின் மீது கொண்ட பற்றினால் பள்ளியை மறக்கின்றனர். வேறு சிலரைப் பெற்றோர் படிப்பையும் நிறுத்தி, பந்தையும் பறித்து, வேலைக்கு அனுப்பிவிடுகின்றனர். ஒன்றைக் கொண்டால் மற்றொன்றை விட்டேயாக வேண்டும் என்பது இரு சாராரும் கொண்டுள்ள எண்ணம். ஆவோவின் வாழ்க்கை அந்த எண்ணத்திற்கு விடை சொல்கின்றது. அந்த விடை எளிதாகக் கிடைத்ததன்று.

1918ஆம் ஆண்டு ஜனவரி 28ஆம் நாள், அக்காலத்தில் அஸ்ஸாமின் பகுதியாக இருந்த நாகா மலை மாவட்டத்தில், சாங்கி என்னும் சிற்றூரில் அவர் பிறந்தார். நாகர்களுள் ஆவோ என்பது ஓர் இனத்தின் பெயர். அதுவே அவர் பெயரின் பிற்பகுதியாகவும் அமைந்தது. அவருடைய தந்தையார் கிறித்தவப் போதகர். தம் மகன் மருத்துவனாகி மலைமக்களுக்குத் தொண்டு செய்ய வேண்டும் என்பது அப்பெரியவரின் பெருவிருப்பம். மகன் இளைஞனாக இருக்கும்போதே தந்தை காலமாகிவிட்டார். அந்த விருப்பமே மகனுக்குத் தந்தை விட்டுச்சென்ற செல்வம் ஆயிற்று.

மலையிலிருந்து இறங்கிச் சமவெளியின் பள்ளியிலும், பின்னர் குவாஹாட்டியிலுள்ள காட்டன் கல்லூரியிலும் அவர் பயின்றார். அங்கேயே விளையாட்டு வீரராகப் புகழ் பெற்றார். 1942ஆம் ஆண்டில் கல்கத்தா சென்று கார்மைக்கேல் மருத்துவக் கல்லூரியில் சேர்ந்தார். 1948ஆம் ஆண்டில் ஆர். ஜி. கர் மருத்துவக் கல்லூரி என்று பெயர் மாற்றம் பெற்ற கல்லூரியே அது. அடுத்த ஆண்டே, 1889ஆம் ஆண்டில் தோன்றிய புகழ்மிக்க மோகன் பகான் கழகம் அவரைத் தன் அணியில் சேர்த்துக்கொண்டது. பகலில் உடற்கூற்றுப் பாடம், மாலையில் மைதானம் என்று அவர் நாள்கள் கழிந்தன.

மோகன் பகான் என்றதும் ஒரு நிகழ்ச்சியை நீங்கள் நினைவில் கொள்ள வேண்டும். 1911ஆம் ஆண்டு ஜூலை 29ஆம் நாள், அக்கழகம் கிழக்கு யார்க்ஷயர் படைப்பிரிவின் அணியை 2-1 என்று வென்று ஐ.எஃப்.ஏ. கேடயத்தைக் கைப்பற்றியது. வெள்ளையர் அணி ஒன்றை வீழ்த்தி இந்திய அணி அக்கேடயத்தைப் பெற்றது அதுவே முதல் முறை. அன்று ஆடிய பதினொருவருள் பத்துப் பேர் வெறுங்காலர்கள். பூட்ஸ் அணிந்திருந்த ஒரே வீரர் இடப்பக்கப் பின்காவலரான சுதீர் சாட்டர்ஜி ஆவார்.

ஆவோ ஆடிய இடத்திற்குச் சென்டர் ஹாஃப் என்று பெயர். அக்காலத்து அணி வகுப்பில் கோல் கீப்பருக்கு முன்னால் இருவர் நிற்பர். அவர்கள் ஃபுல் பேக்குகள். அவர்களுக்கு முன்னால் மூவர். அவர்கள் ஹாஃப் பேக்குகள். எஞ்சிய ஐவரும் தாக்குவோர். நடுவில் நிற்கும் சென்டர் ஹாஃப் பகைவரின் நடுத்தாக்குநரைத் தடுக்கவும் வேண்டும்; கைப்பற்றிய பந்தைத் தம் முன்னணிக்கு அளிக்கவும் வேண்டும். 1925ஆம் ஆண்டில் ஆஃப்சைடு விதி மாற்றப்பட்டது. தாக்குபவனுக்கும் கோல் எல்லைக்கும் இடையே எதிரணியினர் மூவர் இருக்க வேண்டும் என்ற நிலை மாறி, இருவர் இருந்தால் போதும் என்றாயிற்று. தாக்குவது எளிதாயிற்று. ஆகவே இங்கிலாந்தில் ஆர்சனல் போன்ற கழகங்கள் சென்டர் ஹாஃபைப் பின்னுக்கு இழுத்து மூன்றாவது காவலராக நிறுத்தின. நம் நாட்டிலோ பழைய வகுப்பே நெடுநாள் நீடித்தது. எனவே நம் சென்டர் ஹாஃப் இரட்டைச் சுமை தாங்கினார்: சுவராகவும் நிற்க வேண்டும், சித்திரம் எழுதுவோனுக்கு வண்ணமும் எடுத்துக் கொடுக்க வேண்டும்.

இவற்றையெல்லாம் அவர் வெறுங்காலுடன் செய்தார் என்பதை எண்ணிப் பாருங்கள். கல்கத்தாவின் கால்பந்துப் பருவம் மழைக்காலம். அக்காலத்துத் தோல் பூட்ஸ் நனைந்தால் கனக்கும்; வெறும் பாதத்திற்கோ பந்தின் போக்கு நன்கு புலப்படும். ஆனால் காவலனுக்கு ஓர் இடர் உண்டு. முன்னணி வீரன் விலகி ஓடலாம். காவலனோ பூட்ஸ் அணிந்த காலை நோக்கித் தன் வெறுங்காலைக் கொண்டு சென்றே ஆக வேண்டும். பாதத்தைத் துணியால் சுற்றிக்கொண்டு ஆடியவர்களும் உண்டு.

1948ஆம் ஆண்டு வந்தது. லண்டன் மாநகரில் ஜூலை 29ஆம் நாள் ஒலிம்பிக் விழா தொடங்கிற்று. மோகன் பகான் கேடயம் வென்ற நாளிலிருந்து எண்ணினால் சரியாக முப்பத்தேழு ஆண்டுகள். வெம்பிளி அரங்கில் இந்தியக் கொடியை ஆவோ ஏந்திச் சென்றார். நாடு விடுதலை பெற்று ஓராண்டு கூட நிறையாத காலம் அது.

இந்த இடத்தில் வரலாற்று மாணவன் சற்று நிற்க வேண்டும். 1947ஆம் ஆண்டு ஆகஸ்ட் 14ஆம் நாள் நாகா தேசியக் குழு தம் மலைகள் தனிநாடு என அறிவித்திருந்தது. அப்பகுதியிலிருந்து வந்த ஓர் இளைஞர், அடுத்த ஆண்டே, இந்தியக் கொடியை உலகத்தின் முன் உயர்த்திப் பிடித்தார். அந்நேரத்தில் அவர் உள்ளத்தில் ஓடிய எண்ணங்களை நாம் கற்பனை செய்து எழுதுதல் முறையாகாது. ஆயினும் அவருடைய தோளின் மீது இருந்த பாரம் கொடிக்கம்பத்தின் எடை மட்டும் அன்று என்பது தெளிவு.

முதல் சுற்றில் பர்மா விலகிக்கொண்டமையால் இந்தியா ஆடாமலேயே முன்னேறியது. ஜூலை 31ஆம் நாள் இல்ஃபோர்டு நகரின் மைதானத்தில் பிரான்ஸ் அணியை எதிர்த்தது. நம்மவருள் பெரும்பாலோர் வெறுங்காலுடன் ஆடினர். இடப்பக்கப் பின்காவலராக நின்றவர், பின்னாளில் பெரும்புகழ் பெற்ற சைலேன் மன்னா. முப்பதாவது நிமிடத்தில் பிரான்ஸ் ஒரு கோல் போட்டது. எழுபதாவது நிமிடத்தில் சாரங்கபாணி ராமன் அதனைச் சமன் செய்தார். ஒலிம்பிக் வரலாற்றில் இந்தியக் கால்பந்தின் முதல் கோல் அது. நமக்கு இரண்டு பெனால்டி வாய்ப்புகளும் கிட்டின. ஒன்றை மன்னாவும், மற்றொன்றை மகாவீர் பிரசாதும் தவறவிட்டனர். எண்பத்தொன்பதாவது நிமிடத்தில் பிரான்ஸ் இரண்டாவது கோலையும் போட்டு வென்றது.

தோல்விதான், அதில் ஐயமில்லை. ஆனால் எத்தகைய தோல்வி! முழு ஆயத்தத்துடன் வந்த ஐரோப்பிய அணி ஒன்று, ஆட்டம் முடிய ஒரு நிமிடம் இருக்கும் வரையில் வெற்றியைக் காண முடியவில்லை. தாக்கியவர்களின் குறை பெனால்டிகளில் தெரிந்தது. காத்தவர்களின் நிறைவோ எந்தக் கணக்கிலும் ஏறவில்லை. வெறுங்காலைப் பற்றிக் கேட்ட வெளிநாட்டுச் செய்தியாளர்களிடம், தாங்கள் ஆடுவது காலால் ஆடும் பந்தாட்டம், மற்றவர்கள் ஆடுவது பூட்ஸால் ஆடும் பந்தாட்டம் என்னும் பொருள்பட ஆவோ நகைச்சுவையுடன் விடையளித்ததாகச் சொல்வர்.

வெறுங்காலுடன் ஆட இசைவில்லாததால்தான் இந்தியா 1950ஆம் ஆண்டு உலகக் கோப்பைக்குச் செல்லவில்லை என்று ஒரு கதை உலவுகின்றது. என் மாணவர்களும் இதனைப் பலமுறை கேட்டிருக்கின்றனர். அக்கதை முழு உண்மையன்று. பயணச் செலவில் பெரும்பகுதியை ஏற்கப் பிரேசில் முன்வந்தும், அணித் தேர்வில் கருத்து வேற்றுமையும் பயிற்சிக்குப் போதிய காலமின்மையும் காரணமாகக் காட்டி நம் சம்மேளனம் விலகிற்று. உலகக் கோப்பையைப் பற்றி அந்நாளில் தங்களுக்கு அதிகம் தெரியாது, ஒலிம்பிக்கையே பெரிதாகக் கருதினோம் என்று மன்னாவே பிற்காலத்தில் கூறியிருக்கிறார். கதை இனிமையாக இருப்பதாலேயே அது வரலாறு ஆகிவிடாது.

வெறுங்காலுக்கு உண்மையான விடை 1952ஆம் ஆண்டில் ஹெல்சிங்கியில் கிடைத்தது. அதற்கு முந்திய ஆண்டில்தான் டெல்லியில் நடந்த முதல் ஆசிய விளையாட்டில் மன்னாவின் தலைமையில் இந்தியா ஈரானை 1-0 என்று வென்று தங்கம் பெற்றிருந்தது. அதே மன்னாவின் தலைமையில், குளிர்மிக்க ஹெல்சிங்கியில், யூகோஸ்லாவியாவிடம் 10-1 என்று தோற்றது. அதன் பின்னரே பூட்ஸ் கட்டாயமாக்கப்பட்டது. பத்தே ஆண்டுகளில், 1962ஆம் ஆண்டு ஜகார்த்தாவில், இந்தியா மீண்டும் ஆசியத் தங்கம் வென்றது. அந்த இறுதி ஆட்டத்தில் வெற்றி கோலை அடித்தவர் ஜர்னைல் சிங். அவரும் அடிப்படையில் ஒரு காவலரே. தலையில் காயக்கட்டுடன் அன்று முன்னணியில் ஆடினார்.

இனி ஆவோவிடம் திரும்புவோம். லண்டனிலிருந்து அவர் திரும்பியபோது அவருக்கு வயது முப்பது. புகழின் உச்சியில் இருந்தார். ஆர்சனல் கழகம் தன்னிடம் ஆட அவரை அழைத்தது என்றும், படிப்பை முடிக்க வேண்டி அதனை அவர் மறுத்தார் என்றும் ஒரு செய்தி வழங்கி வருகின்றது. அது ஒருபுறம் இருக்கட்டும். அவர் மருத்துவக் கல்லூரிக்கே திரும்பினார் என்பது உறுதி. 1950ஆம் ஆண்டில் மருத்துவப் பட்டம் பெற்றார்.

கால்பந்தை நம்பிப் பிழைக்கும் வழி அன்றைய இந்தியாவில் இல்லை. தொழில்முறை ஆட்டம் வேரூன்றிய இங்கிலாந்திலும் வீரனின் ஊதியத்திற்கு உச்சவரம்பு இருந்தது. 1961ஆம் ஆண்டில் அது நீக்கப்படும்போது அந்த வரம்பு வாரத்திற்கு இருபது பவுன் மட்டுமே. கோடிகள் புரளும் இன்றைய ஆட்டத்தை மட்டும் அறிந்த உங்களுக்கு இது வியப்பளிக்கலாம். நம் நாட்டு வீரர்கள் அலுவலகங்களில் பணியாற்றிக்கொண்டே ஆடினர். மன்னா இந்திய நிலவியல் ஆய்வுத் துறையில் பணிபுரிந்தவர்.

ஆவோ கல்கத்தாவிலேயே தங்கியிருந்தால் புகழும் வசதியும் பெருகியிருக்கும். அவரோ வடகிழக்கிற்குத் திரும்பினார். அமைதி குலைந்திருந்த ஆண்டுகளில் கோகிமாவில் மருத்துவப் பணி புரிந்தார். 1963ஆம் ஆண்டு டிசம்பர் 1ஆம் நாள் நாகாலாந்து தனி மாநிலமாயிற்று. அம்மாநிலத்தின் சுகாதாரத் துறை இயக்குநராக உயர்ந்து, 1978ஆம் ஆண்டில் ஓய்வு பெற்றார். 1998ஆம் ஆண்டு செப்டம்பர் 13ஆம் நாள் இயற்கை எய்தினார். 2018ஆம் ஆண்டில், அவர் நூற்றாண்டையொட்டி, இந்திய அஞ்சல் துறை அவருக்குச் சிறப்புத் தபால்தலை வெளியிட்டது.

கணக்கிட்டுப் பாருங்கள். பெரிய மைதானங்களில் அவர் ஆடியது பத்தாண்டுகளுக்கும் குறைவு. நோயாளிகளுக்கிடையே அவர் உழைத்தது அதனினும் பன்மடங்கு. முதலாவதை உலகம் நினைவு கூர்கின்றது. இரண்டாவதை அம்மலைமக்கள் நினைவு கூர்கின்றனர். இரண்டிலும் அவர் செய்த தொழில் ஒன்றே. வருகின்ற தீங்கை எல்லையிலேயே நின்று தடுப்பது காவலனுக்கும் மருத்துவனுக்கும் பொதுவான கடமை அன்றோ?

இந்த வாழ்க்கையிலிருந்து விளையாட்டை விட்டுப் படியுங்கள் என்ற பாடத்தை நான் எடுக்கவில்லை. பந்து இல்லையேல் அந்தச் சாங்கி இளைஞரை நாடு அறிந்திராது. படிப்பை மட்டுமே போற்றுங்கள் என்பதும் என் கருத்தன்று. மருத்துவப் படிப்பின் நடுவே பந்தைப் பறித்திருந்தால் சுதந்திர இந்தியா ஓர் அணித்தலைவரை இழந்திருக்கும். இரண்டையும் கைவிடாமல் இருக்க அவருக்கு எட்டாண்டுகள் தேவைப்பட்டன. மருத்துவப் பட்டம் பெறும்போது அவருக்கு வயது முப்பத்திரண்டு. பெற்றோர்களே, ஆசிரியர்களே, பொறுமை கொள்க. சில பிள்ளைகளுக்கு இரண்டு பாதைகளிலும் நடக்கக் கொஞ்சம் கூடுதல் காலம் வேண்டும், அதை மறுக்காதீர்கள்.

மாணவர்களே, உங்கள் பள்ளி அணியில் கோல் அடிப்பவனைத் தோளில் தூக்குங்கள், அது நியாயமே. ஆனால் ஆட்டம் முடிந்ததும் பின்வரிசையில் நின்றவனிடமும் சென்று ஒரு சொல் சொல்லுங்கள். அவன் செய்த வேலையை எழுதிவைக்க ஏடு இல்லை. உங்கள் நினைவே அவனுக்கு ஏடு.