சந்தியா ராகம் (திரைப்படம்)

பாலு மகேந்திரா இயக்கிய 1989ஆம் ஆண்டுத் தமிழ்ப் படம். மனைவியை இழந்த முதியவர் (சொக்கலிங்க பாகவதர்) ஊரைவிட்டுச் சென்னையில் உறவினர் வீட்டுக்கு வந்து தங்குகிறார். துக்கத்தை ஒப்பாரியில் கொட்டாமல் அன்றாட வேலைகளுக்குள் வைத்துக் காட்டும் விதத்தில், யசுஜிரோ ஓசுவின் ‘டோக்கியோ கதை’ (1953) என்னும் ஜப்பானியக் குடும்பப் படத்துக்கு இது மிக நெருக்கமானது. அங்கே மனைவியின் சாவு கதை முடியும் தறுவாயில் வருகிறது. இங்கே தொடக்கத்திலேயே வந்துவிடுவதால் படம் முழுவதுமே துக்ககாலம் ஆகிறது. வாய்விட்டு அழும் தமிழ்க் குடும்பத்துக்கு இந்த மௌனம் அந்நியம் என்று வாதிடலாம். ஆனால் சிறிய வீடு, பற்றாக்குறைச் சம்பளம், கர்ப்பிணியான மருமகள் (அர்ச்சனா) ஆகியவற்றுக்கு நடுவே, பாரமாகிவிடக் கூடாதே என்று கிழவர் வாயடங்கிப் போவது நம் வீடுகளில் நாளும் நடப்பதுதான். எவரையும் கொடியவராக்காமல் முதியோர் இல்லம்வரை கதையைக் கொண்டுசென்றதே இதன் பெரிய நேர்மை. குடும்பநலம் பற்றிய சிறந்த படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது.