இசட் புள்ளி: இலங்கைப் பல்கலைக்கழக அனுமதியில்

ஒரு மதிப்பு தன் கூட்டத்தின் சராசரியிலிருந்து எத்தனை திட்ட விலக்கம் தள்ளி நிற்கிறது என்று சொல்லும் எண் இசட் புள்ளி. திட்ட விலக்கத்தை இலங்கையில் நியம விலகல் என்பர். தமிழ்நாட்டின் உவரியில் பிளஸ் டூ முடித்துப் பொறியியல் சேரும் மாணவர் 200க்கான கட்-ஆஃபைக் கூட்டினால் போதும். மன்னார் வளைகுடாவின் எதிர்க்கரையான இலங்கையில் உயர்தரப் பரீட்சை எழுதுபவரோ இசட் புள்ளியைத் தசமத்துக்குப் பின் நான்கு இலக்கம் வரை பார்க்கிறார்.

இசட் புள்ளியைச் சதவீதமாக மாற்ற உதவும் இயல்நிலை வளைகோட்டை 1733இல் கணிதவியலாளர் தெ முவாவ்ர் கண்டார். வளைகோட்டின் கீழுள்ள பரப்பை ஒவ்வொரு முறையும் கணக்கிடுவது பெரும்பாடு. வானியல் ஒளிவிலகலை ஆராய்ந்த கிராம்ப் அதற்கு 1799இல் அட்டவணை தந்தார். 1903இல் ஷெப்பர்டு விரிவான அட்டவணைகளை வெளியிட்டார்.

ஒரு கற்பனைக் கணக்கு: இணைந்த கணிதத்தில் சராசரி 35, விலகல் 20, இரசாயனவியலில் சராசரி 50, விலகல் 12. இரண்டிலும் 65 எடுத்தவருக்குக் கணிதத்தில் 1.5, இரசாயனவியலில் 1.25. அட்டவணையில் 1.25க்கு நேரே 0.8944 என்றிருக்கும், அவருக்கு மேலே இருப்போர் சுமார் 10.6 சதவீதம். தலைகீழாகவும் போகலாம். இரசாயனவியலில் முதல் 5 சதவீதத்துக்குள் வர எவ்வளவு வேண்டும்? அட்டவணை அதற்குத் தரும் 1.645ஐ 12ஆல் பெருக்கி 50ஐக் கூட்டினால் ஏறத்தாழ 70. புள்ளிகள் வளைகோட்டை ஒட்டிப் பரவியிருந்தால்தான் இந்தச் சதவீதங்கள் செல்லும். இசட் புள்ளிக்கோ அந்த நிபந்தனை கிடையாது. பலர் இதைக் குழப்பிக்கொள்கிறார்கள்.

யாருடைய சராசரி என்பதுதான் இலங்கையில் எப்போதும் வழக்கு. 1970-71 அனுமதியில் பேராதனைப் பொறியியல் பீடத்துக்குத் தமிழ்மூல மாணவருக்கு 400க்கு 250 தேவைப்பட்டது. சிங்களமூல மாணவருக்கு 227 போதுமாயிருந்தது. 1973இல் புள்ளிகளை மொழிமூலவாரியாகப் பொது அளவுக்கு மாற்றினார்கள்: எந்த மொழியில் எத்தனை பேர் எழுதினரோ, அந்த விகிதத்திலேயே தேர்வாகும்படி. தமிழர் அரசியலில் ஆறாத புண்ணான ‘தரப்படுத்தல்’ இதுதான். 1974இல் மாவட்ட ஒதுக்கீடும் சேர்ந்தது. 1977இல் ஆட்சி மாறியபின் மொழிவழி முறை கைவிடப்பட்டது. மாவட்ட ஒதுக்கீடு நின்றுவிடவில்லை.

2001இல் வந்த இசட் புள்ளி முறைக்கு வழிவகுத்தவர் பேராதனைப் பல்கலைக்கழகப் பேராசிரியர் ஆர். ஓ. தட்டில். இங்கே கூட்டம் என்பது அந்தப் பாடத்தை எழுதிய அனைவரும், மொழிக்கு இடமில்லை. மூன்று பாடங்களின் இசட் புள்ளிகளுக்குச் சராசரி எடுக்கப்படுகிறது. கடினமான வினாத்தாள் வந்தாலும் சராசரியும் கூடவே இறங்கிவிடுவதால், அந்தப் பாடத்தை எடுத்தவர் தண்டனைக்குள்ளாவதில்லை. முந்தைய கூட்டுப்புள்ளி முறையைவிட இது நேர்மையானது என்பதில் ஐயமில்லை. ஆனாலும், ஒரு பாடத்தைத் திறமைசாலிகளே தேர்ந்தெடுத்தால் அங்கே சராசரி உயர்ந்து, நன்றாக எழுதியவரின் இசட் புள்ளி தாழும். அதை இந்தச் சூத்திரம் அறியாது.

2011 உயர்தரப் பரீட்சையில் பழைய பாடத்திட்டத்தாரும் புதிய பாடத்திட்டத்தாரும் வெவ்வேறு வினாத்தாள் எழுதினர். இருவரையும் பொதுவான கணக்கில் இணைத்து இசட் புள்ளி வெளியிட்டதால் வழக்கு உச்ச நீதிமன்றம் சென்றது. இரண்டும் வெவ்வேறு தொகுதிகள், தனித்தனியாகக் கணக்கிடுங்கள் என்று 2012 ஜூனில் தீர்ப்பு வந்தது. பரீட்சை எழுதிப் பத்து மாதம் கடந்த மாணவர்களுக்குப் புதிய எண்கள் தரவேண்டியதாயிற்று.